ஆள் நிறைந்த வீடு மாதிரி: கிறிஸ்துமஸ் நகைச்சுவைப் படங்களும் தனிமையும்

‘ஹோம் அலோன்’ (1990) என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது இரண்டு திருடர்களும் வாங்கும் அடிதான். பெயின்ட் டப்பா பறந்து வந்து முகத்தில் மோதும், கொதிக்கும் கதவுக் குமிழைப் பிடித்துக் கை வெந்துபோகும். எனக்கு அதற்கு முன்னால் வரும் ஒரு ராத்திரிக் காட்சிதான் மறக்காமல் நிற்கிறது. வீடு காலியாக இருக்கிறதா என்று நோட்டம் பார்க்கத் திருடர்கள் வருகிறார்கள். வெளியூர் கிளம்பும் அவசரத்தில் குடும்பம் மறந்து விட்டுப்போன எட்டு வயதுப் பையன் கெவின் துணிக்கடைப் பொம்மைகளை ஜன்னலோரம் நிறுத்திக் கயிறு கட்டி ஆட்டுகிறான். கூடைப்பந்து வீரர் மைக்கேல் ஜோர்டானின் அட்டை உருவத்தைப் பொம்மை ரயிலில் ஏற்றிச் சுற்றவிடுகிறான். பாட்டைச் சத்தமாக வைக்கிறான். தெருவில் நிற்பவர்களுக்குத் திரைச்சீலையில் நிழல்கள் தெரிகின்றன. ஆட்டம், பாட்டு, விருந்து, வீடு நிறைய ஆள். வந்தவர்கள் குழம்பிப்போய்த் திரும்பிவிடுகிறார்கள்.

உள்ளே ஒரே ஒரு பையன் கயிற்றைப் பிடித்து இழுத்துக்கொண்டிருக்கிறான்.

கிறிஸ்துமஸ் நகைச்சுவைப் படங்களை வருடக்கணக்காகத் தேடித் தேடிப் பார்த்தபின் எனக்குத் தோன்றுவது இதுதான்: இந்த வகைப் படங்களில் பாதி, இந்த ஒரு காட்சியின் மறுபதிப்புகள். தனியாக இருக்கும் ஒருவர், தன் வீட்டில் ஆள் இருப்பதுபோல் வெளியே காட்டிக்கொள்கிறார். அந்த நடிப்பில் ஏற்படும் குளறுபடிகள் நம்மைச் சிரிக்கவைக்கின்றன. அப்புறம் ஒரு கட்டத்தில் நடிப்பு உடைகிறது, அங்கேதான் நமக்குத் தொண்டை அடைக்கிறது.

1945 ஆகஸ்டில் வெளிவந்த ‘கிறிஸ்துமஸ் இன் கனெக்டிகட்’ படத்தில் பார்பரா ஸ்டான்விக் ஒரு பத்திரிகை எழுத்தாளராக வருகிறார். கனெக்டிகட்டில் தன் பண்ணை வீடு, கணவர், கைக்குழந்தை, தன் கையால் சமைக்கும் விருந்து என்று அவர் எழுதுவதை நாடே படித்துக் கொண்டாடுகிறது. உண்மையில் அவர் நியூயார்க்கில் ஒரு சின்ன ஃப்ளாட்டில் தனியாக இருக்கிறார். சமையல் சுத்தமாகத் தெரியாது. எழுதும் குறிப்பெல்லாம் பழகிய உணவகக்காரர் ஒருவர் சொல்லிக்கொடுப்பது. இந்த நிலையில் பத்திரிகை அதிபர் ஒரு கடற்படை வீரரை விருந்தாளியாக அந்தப் பண்ணைக்கு அனுப்புகிறார், தானும் வருவதாகச் சொல்லிவிடுகிறார். வீடு, கணவர், குழந்தை மூன்றையும் அவசர அவசரமாக இரவல் வாங்க வேண்டும். போர்க்காலத் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போகும் தாய்மார்கள் விட்டுச்செல்லும் குழந்தைகள்தான் கிடைக்கின்றன. அதனால் இன்றைக்கு ஒரு குழந்தை, நாளைக்கு வேறொரு குழந்தை. கூத்து அங்கே தொடங்குகிறது. ஆனால் உற்றுப் பார்த்தால், அந்தக் கடற்படை வீரர் டார்பிடோ தாக்குதலில் தப்பிப் பதினெட்டு நாள் மிதவையில் கிடந்தவர், வீடென்று ஒன்றை அறியாதவர் என்று அவருக்காக நர்ஸ் ஒருத்தி கடிதம் எழுதியிருக்கிறாள். அதிபருக்கோ, வருவதாக இருந்த மகள் குடும்பம் வரவில்லை. ஆக மூன்று பேருக்குமே அந்த நாளில் போவதற்கு இடமில்லை. மூவரும் அதை ஒருவரிடம் ஒருவர் சொல்லிக்கொள்ளாமல் ஒரே பொய் வீட்டில் வந்து சேர்கிறார்கள்.

ஐம்பது வருடம் கழித்து ‘வைல் யூ வேர் ஸ்லீப்பிங்’ (1995) இதையே வேறு முனையிலிருந்து தொடங்கியது. சிகாகோ ரயில் நிலையத்தில் டோக்கன் கொடுக்கும் லூசியாக சாண்ட்ரா புல்லக். பெற்றோர் இல்லை, வீட்டில் யாரும் காத்திருக்கவில்லை. அந்த ஒரே காரணத்துக்காகக் கிறிஸ்துமஸ் அன்றைக்கு வேலைக்கு அவளைப் போடுகிறார்கள். தினமும் கடந்துபோகும் ஓர் அழகன் அன்றைக்குத் தண்டவாளத்தில் விழுந்துவிடுகிறான், அவள் காப்பாற்றுகிறாள். அவன் நினைவிழந்து கிடக்க, ஆஸ்பத்திரியில் அவள் தனக்குத்தானே முணுமுணுத்ததை யாரோ தவறாகக் கேட்டுவிட, அவள்தான் அவனுக்கு நிச்சயிக்கப்பட்ட பெண் என்று குடும்பம் முழுக்க நம்பிவிடுகிறது. லூசி மறுக்க வாயெடுக்கிறாள், முடியவில்லை. அதற்குள் அவர்கள் அவளைக் கட்டியணைத்து, வீட்டுக்குக் கூப்பிட்டு, கூச்சலும் பேச்சுமாக ஓடும் சாப்பாட்டு மேசையில் உட்காரவைத்துவிடுகிறார்கள். கடைசியில் கல்யாண மேடையில் அவள் உண்மையைச் சொல்லும்போது, தான் காதலித்தது அந்தக் குடும்பத்தையே என்கிறாள். காதல் படமாக விற்கப்பட்ட ஒரு படம், ஒரு பெண் சாப்பாட்டு மேசைக்கு ஆசைப்பட்ட கதையாக முடிகிறது. பார்க்கும் ஒவ்வொரு தடவையும் எனக்கு அந்த இடத்தில் கண் கலங்கும்.

‘அபவுட் எ பாய்’ (2002) படத்தில் ஹியூ கிரான்ட், இல்லாத ஒரு மகனைக் கற்பனை செய்துகொண்டு ஒற்றைப் பெற்றோர் சங்கத்தில் சேர்கிறார். அவருடைய அப்பா எழுதிய ஒரே ஒரு கிறிஸ்துமஸ் பாட்டின் ராயல்டியில்தான் அவருடைய ஜீவனமே நடக்கிறது. எல்லாரையும் ஒன்றுசேர்க்கும் பாட்டு, அவரை மட்டும் யாருக்கும் தேவையில்லாத ஆளாக வீட்டில் உட்காரவைத்துவிட்டது. சதோஷி கோன் இயக்கிய ஜப்பானிய அனிமேஷன் படம் ‘டோக்கியோ காட்ஃபாதர்ஸ்’ (2003), வீடில்லாத மூன்று பேர் கிறிஸ்துமஸ் ராத்திரியில் குப்பைக்குள் ஒரு கைக்குழந்தையைக் கண்டெடுப்பதோடு தொடங்குகிறது. மூவரில் ஒருவரான கின், தான் ஒரு சைக்கிள் பந்தய வீரனாக இருந்ததாகவும் மனைவியும் மகளும் இறந்துவிட்டதாகவும் சொல்லிவருகிறார். உண்மையில் அவர் சூதாட்டக் கடனில் சிக்கி அவர்களை விட்டு ஓடிவந்தவர். தெருவில் இருப்பவனுக்கும் சொல்லிக்கொள்ள ஒரு குடும்பக் கதை வேண்டியிருக்கிறது.

ஏன் இத்தனை பொய்? ஒரு சாதாரண செவ்வாய்க்கிழமை ராத்திரி தனியாகச் சாப்பிடுகிறவரிடம் யாரும் காரணம் கேட்பதில்லை. டிசம்பர் 24 வந்தால் அலுவலகத்தில், லிஃப்டில், கடையில் எல்லாரும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறார்கள்: இன்றைக்கு எங்கே போகிறீர்கள்? அன்பாகக் கேட்கும் கேள்விதான். ஆனால் பதில் இல்லாதவருக்கு அது ஹாஜர் எடுப்பது மாதிரி. “எங்கும் போகவில்லை” என்று சொன்னால் கேட்டவர் முகம் மாறும், பரிதாபப்படுவார், பேச்சு தடுமாறும். அதற்குப் பயந்தே மனிதர் வாயில் ஏதோ ஒரு பொய் வந்துவிடுகிறது. பொய் வந்தால் அதைக் காப்பாற்ற இன்னொன்று வேண்டும். நகைச்சுவைக் கதைக்கு வேறென்ன வேண்டும்?

கிறிஸ்துமஸ் எப்போதும் இப்படி வீட்டை மையமாகக் கொண்டிருந்ததில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ஐரோப்பாவில் பல நூற்றாண்டுகள் அந்தப் பருவம் பெரும்பாலும் தெருவில் கழிந்தது. கூட்டமாக முகமூடி போட்டுக்கொண்டு போவார்கள். வசதியானவர் வீட்டுக் கதவைத் தட்டி, பாடி, தின்னவும் குடிக்கவும் கேட்பார்கள். வேலைக்காரன் ஒருநாள் எஜமானனாக நடிப்பான். சத்தமும் சச்சரவும் உண்டு. இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் 19ஆம் நூற்றாண்டில்தான் விழா மெல்ல வீட்டுக்குள் நுழைந்து கதவைச் சாத்திக்கொண்டது. தொழிற்சாலை நகரங்கள் வளர்ந்தன, நடுத்தர வர்க்கம் குழந்தைகளைச் சுற்றி வீட்டை அமைத்துக்கொண்டது. 1848இல் ‘இல்லஸ்ட்ரேட்டட் லண்டன் நியூஸ்’ பத்திரிகை ஒரு சித்திரம் வெளியிட்டது: விக்டோரியா ராணியும் கணவரும் குழந்தைகளும் ஒரு சின்ன மரத்தைச் சுற்றி நிற்கிறார்கள். பின்னால் அமெரிக்கப் பத்திரிகையொன்றும் அதைக் கொஞ்சம் மாற்றி அச்சிட்டது. விழாக் கொண்டாடுவது என்றால் இப்படித்தான் என்று ஒரு வடிவம் பதிந்துபோனது. தெருவில் நடக்கும் விழாவில் தனியாள் கூட்டத்தில் கலந்துவிடலாம். கதவுக்குள் நடக்கும் விழாவில் அவன் ஜன்னலுக்கு வெளியே நிற்க வேண்டியதுதான்.

அந்த ஜன்னலை முதலில் கதையாக்கியவர் சார்ல்ஸ் டிக்கன்ஸ். 1843 டிசம்பர் 19 அன்று வெளிவந்த ‘எ கிறிஸ்துமஸ் கேரல்’ கதையின் ஸ்க்ரூஜைக் கஞ்சனாகத்தான் உலகம் ஞாபகம் வைத்திருக்கிறது. கடந்தகாலத்தின் ஆவி அவனைக் கூட்டிப்போய்க் காட்டும் இடங்களில் ஒன்று, விடுமுறையில் காலியாகிவிட்ட பள்ளிக்கூடம். மற்றப் பிள்ளைகள் எல்லாரும் வீட்டுக்குப் போய்விட்டார்கள். ஒரு சிறுவன் மட்டும் அணையப்போகும் நெருப்புக்குப் பக்கத்தில் தனியாக உட்கார்ந்து படித்துக்கொண்டிருக்கிறான். கிழவன் அவனைப் பார்த்து அழுகிறான். இது டிக்கன்ஸுக்கு வெறும் கற்பனை இல்லை. 1824இல் அவருடைய அப்பா கடனுக்காகச் சிறைக்குப் போனபோது, பன்னிரண்டு வயதில் அவர் குடும்பத்தைப் பிரிந்து தங்கி, பூட்ஸ் மை தயாரிக்கும் ஆலையில் வேலை பார்த்தார்.

அந்தக் கதையின் முடிவில் ஸ்க்ரூஜ் ஏழைக் குமாஸ்தா வீட்டுக்கு வான்கோழி அனுப்பியது எல்லாருக்கும் தெரியும். பணம் இருந்தால் அதைச் செய்துவிடலாம். அதைவிடக் கடினமான காரியம் ஒன்று அப்புறம் வருகிறது. தங்கை பிள்ளை வீட்டு விருந்துக்குப் போக வேண்டும். வருடாவருடம் கூப்பிட்டவன், ஒவ்வொரு வருடமும் விரட்டப்பட்டவன். தட்டத் துணிச்சல் வருவதற்குள் கிழவன் அந்தக் கதவைப் பன்னிரண்டு தடவை கடந்து போகிறான். பன்னிரண்டு தடவை! பேய்களைக் கண்டு மனம் மாறிய பிறகும் ஒரு கதவைத் தட்டுவது அவ்வளவு கஷ்டம்.

‘ஹோம் அலோன்’ படத்தின் பக்கத்து வீட்டுக் கிழவருக்கு மார்லி என்று பெயர் வைத்திருப்பதை இதோடு சேர்த்துத்தான் பார்க்கிறேன். டிக்கன்ஸ் கதையில் ஸ்க்ரூஜை எச்சரிக்க வரும் ஆவியின் பெயர் அது. பிள்ளைகள் அந்தக் கிழவரைக் கொலைகாரர் என்று பயந்து ஓடுகிறார்கள். கிறிஸ்துமஸ் முன்னிரவில் தேவாலயத்தில் அவர் கெவின் பக்கத்தில் வந்து உட்கார்கிறார். பாடகர் குழுவில் பேத்தி பாடுகிறாள், அதைக் கேட்க வந்திருக்கிறார். மகனோடு வருடக்கணக்காகப் பேச்சில்லாததால் அவளை நேரில் போய்ப் பார்க்க முடியாது. ஏன் ஒரு போன் போடக்கூடாது என்று பையன் கேட்கிறான். எடுக்காவிட்டால் என்ன செய்வது என்று கிழவர் பயப்படுகிறார். கிழவரும் எட்டு வயதுக்காரனும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து பயத்தைப் பற்றிப் பேசும் அந்தச் சில நிமிடங்கள், படத்தின் மற்ற ஓட்டத்திலிருந்து முற்றிலும் வேறு வேகத்தில் ஓடுகின்றன. நிலவறையைக் கண்டு பயந்த கதையைப் பையன் சொல்கிறான். விளக்கைப் போட்டதும் பயம் போய்விட்டதாம்.

கெவின் தனியாக விடப்படுவதற்கு முன்பே தனியாகத்தான் இருந்தான் என்பதை அந்தப் படத்தின் முதல் பதினைந்து நிமிடம் நுணுக்கமாகக் காட்டுகிறது. வீட்டில் பதினொரு பிள்ளைகள், நான்கு பெரியவர்கள். எல்லாரும் கத்துகிறார்கள், ஒருவரும் அவன் பேச்சைக் கேட்கவில்லை. அவனுடைய பீட்சாவையும் அண்ணன் தின்றுவிடுகிறான். தண்டனையாக மேல்மாடி அறைக்குத் துரத்தப்பட்ட பையன், இந்தக் குடும்பமே காணாமல் போகட்டும் என்று வேண்டிக்கொண்டு தூங்குகிறான். காலையில் எண்ணிக்கை எடுக்கும்போது வேடிக்கை பார்க்க வந்த பக்கத்து வீட்டுப் பையனின் தலையையும் சேர்த்து எண்ணிவிடுகிறார்கள். எண்ணிக்கை சரியாக இருக்கிறது, பிள்ளை இல்லை. கூட்டத்துக்குள் இருக்கும் தனிமையைக் காட்ட இதைவிட எளிமையான காட்சி கிடைக்குமா?

சரி, பில்லி வைல்டரின் ‘தி அபார்ட்மென்ட்’ (1960) படத்துக்கு வருவோம். இங்கே கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனென்றால் இந்த வகையில் இதைவிடப் பெரிய படம் எதுவும் இல்லை என்பது என் முடிவு. படம் ஓர் எண்ணோடு தொடங்குகிறது: 1959 நவம்பர் 1 அன்று நியூயார்க்கின் மக்கள்தொகை 80,42,783. அப்புறம் இன்னோர் எண்: ஜாக் லெமன் நடித்த பாக்ஸ்டர் வேலை பார்க்கும் காப்பீட்டு நிறுவனத்தில் 31,259 ஊழியர்கள். கண்ணுக்கெட்டிய தூரம்வரை ஒரே மாதிரி மேசைகள். கலை இயக்குநர் அலெக்சாந்தர் ட்ரோனர் பின்வரிசை மேசைகளைச் சின்னச் சின்னதாகச் செய்து, குள்ளமான ஆட்களை உட்காரவைத்து அந்த ஆழத்தைக் கொண்டுவந்தார்.

பாக்ஸ்டருக்குப் பதவி உயர்வு வேண்டும். அதற்காகத் தன் ஃப்ளாட்டின் சாவியை மேலதிகாரிகளின் கள்ள உறவுகளுக்குக் கொடுக்கிறான். அவர்கள் உள்ளே இருக்கும் நேரத்தில் அவன் குளிரில் பூங்கா பெஞ்சில் கிடக்கிறான். பக்கத்து ஃப்ளாட் டாக்டர், சுவர் வழியே வரும் சிரிப்பையும் பாட்டையும் கேட்டு, இந்தப் பையன் தினம் ஒரு பெண்ணோடு கூத்தடிக்கிறான் என்று நம்புகிறார். கெவின் கயிறு கட்டி உண்டாக்கிய அதே நிழலாட்டம். வெளியே இருந்து பார்த்தால் ஆள் நிறைந்த வீடு, உள்ளே இருக்க வேண்டியவனுக்கு அங்கே இடமில்லை. டாக்டர் தப்பாக நினைக்கிறார் என்று தெரிந்தும் பாக்ஸ்டர் திருத்துவதில்லை. அந்தக் கெட்ட பெயர், தனியாள் என்ற பெயரைவிடக் கௌரவமாகப் படுகிறதோ என்னவோ.

அலுவலகக் கிறிஸ்துமஸ் விருந்தில்தான் கதை புரள்கிறது. லிஃப்ட் இயக்கும் ஃப்ரான் (ஷெர்லி மக்லெயின்) அவனிடம் நீட்டும் கைக்கண்ணாடியில் விரிசல் இருக்கிறது. தன் ஃப்ளாட்டில் யாரோ ஒரு பெண் விட்டுப்போய், தானே பெரிய அதிகாரியிடம் திருப்பிக் கொடுத்த கண்ணாடி அது. அவன் ஒன்றும் சொல்வதில்லை. விரிசலுக்குள் அவன் முகம் இரண்டாகத் தெரிகிறது, அவ்வளவுதான். அன்று ராத்திரி மதுக்கடையில் தனியாக உட்கார்ந்து, குடித்த ஒவ்வொரு கோப்பையிலிருந்தும் எடுத்த ஆலிவ் காய்களைக் குச்சியோடு வட்டமாக அடுக்குகிறான். வட்டம் ஏறக்குறைய முடிந்துவிட்டது. எத்தனை நேரமாக அங்கே இருக்கிறான் என்று வசனம் எதுவும் சொல்லவில்லை, ஆலிவ் காய்கள் சொல்கின்றன. அதே நேரத்தில் அவனுடைய ஃப்ளாட்டில் அந்த அதிகாரி ஃப்ரானுக்குக் கிறிஸ்துமஸ் பரிசாக நூறு டாலர் நோட்டை நீட்டிவிட்டு, மனைவி மக்களிடம் பரிசுப் பொட்டலங்களோடு ரயிலேறப் போகிறான். அவள் தூக்க மாத்திரைகளை விழுங்குகிறாள்.

இது நகைச்சுவைப் படம் என்பதை ஞாபகப்படுத்திக்கொள்ள வேண்டியிருக்கிறது. டாக்டர் வந்து அவளைக் காப்பாற்றுகிறார். மறுநாள், கிறிஸ்துமஸ் அன்று, பாக்ஸ்டர் அவளைத் தூங்கவிடாமல், மனசு கீழே போய்விடாமல் சீட்டாட்டம் ஆடவைக்கிறான். டாக்டர் மனைவி திட்டிக்கொண்டே சாப்பாடு கொண்டுவருகிறார். இன்னொரு நாள் அவன் ஸ்பகெட்டியை டென்னிஸ் மட்டையில் கொட்டி வடிகட்டுகிறான். ஒருவருக்கே சமைத்துப் பழகியவன், இரண்டு தட்டு வைக்கும் சந்தோஷத்தில் வாய்க்குள் பாடுகிறான். சிரிப்பு இங்கே ஒரு வேலை செய்கிறது. “நீ ஏன் சாக நினைத்தாய்” என்று நேராகக் கேட்க முடியாத இடத்தில் ஒரு டென்னிஸ் மட்டை வந்து நிற்கிறது. அவள் சிரித்துவிடுகிறாள். அதன் பிறகு பேசுகிறாள். ஐந்து ஆஸ்கர் விருதுகள் வாங்கிய அந்தப் படம் முத்தத்தோடு முடிவதில்லை. இருவரும் சோபாவில் உட்கார்ந்து பாதியில் விட்ட சீட்டாட்டத்தைத் தொடர்கிறார்கள்.

இங்கே ஒரு தவறான நம்பிக்கையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். கிறிஸ்துமஸ் சமயத்தில்தான் தற்கொலைகள் கூடுகின்றன என்று பத்திரிகைகளில் வருடந்தோறும் எழுதுகிறார்கள். அமெரிக்கப் புள்ளிவிவரங்களில் டிசம்பர் பொதுவாகக் குறைவான எண்ணிக்கை பதிவாகும் மாதங்களில் ஒன்று. வசந்தத்திலும் கோடையிலும்தான் அது கூடுகிறது. இந்தத் தப்பான எண்ணம் வலுப்பட்டதில் படங்களுக்கும் பங்கு இருக்கலாம். ஆனால் நல்ல படங்களைப் பார்த்தால், அவை காட்டுவது சாவைவிட, யாராவது கதவைத் தட்டும் சத்தத்தைத்தான்.

அந்தத் தட்டல் எப்போதும் உதவியாக அமைவதில்லை. பிரான்சில் வருடாவருடம் தொலைக்காட்சியில் போடும் ‘லு பெர் நோயெல் எ தூன் ஒர்தியூர்’ (1982) படத்தில், கிறிஸ்துமஸ் ராத்திரி மனமுடைந்தவர்களுக்கு ஆறுதல் சொல்லும் தொலைபேசிச் சேவை அலுவலகமே கதைக்களம். ஆறுதல் சொல்ல உட்கார்ந்திருக்கும் தெரேஸும் பியரும் தங்களுக்கே ஆளில்லாதவர்கள். தெரேஸ் தன் கையால் பின்னிக் கொடுக்கும் மேலாடையைப் பியர் தரை துடைக்கும் துணி என்று நினைத்து நன்றி சொல்கிறார். பக்கத்து வீட்டுக்காரர் வாயில் வைக்க முடியாத இனிப்போடு திரும்பத் திரும்ப வந்து நிற்கிறார். அவரை உள்ளே உட்காரச் சொல்ல யாருக்கும் மனசில்லை.

ஸ்பெயின் இயக்குநர் லூயிஸ் கார்சியா பெர்லாங்காவின் ‘ப்ளாசிதோ’ (1961) இன்னும் கடுமையானது. ஒரு சிற்றூரில் பாத்திர நிறுவனம் விளம்பரத்துக்காக ஓர் இயக்கம் நடத்துகிறது: கிறிஸ்துமஸ் முன்னிரவில் ஓர் ஏழையை உங்கள் மேசையில் உட்காரவையுங்கள். பணக்காரக் குடும்பங்கள் ஏழைகளைப் பங்கு போட்டுக்கொள்கின்றன. ப்ளாசிதோ அந்த ஊர்வலத்துக்குத் தன் மூன்று சக்கர வண்டியை ஓட்டுகிறவன். வண்டியின் தவணையை அன்றைக்குள் கட்டியாக வேண்டும். அவன் குடும்பம் ஒரு பொதுக் கழிப்பறையில் குடியிருக்கிறது. அவனைச் சாப்பிடக் கூப்பிட ஒருவருக்கும் தோன்றவில்லை. விருந்துக்கு வந்த ஓர் ஏழைக்கு மேசையிலேயே நெஞ்சுவலி வருகிறது. அவர் கல்யாணம் செய்துகொள்ளாமல் ஒரு பெண்ணோடு வாழ்கிறார் என்று தெரிந்ததும், சாவதற்குள் தாலி கட்டவைத்துவிட வேண்டும் என்று வீடே அலறுகிறது. நாற்காலி போட்டாயிற்று, இலையில் சோறும் வைத்தாயிற்று, எதிரே இருப்பவன் முகத்தை மட்டும் யாரும் பார்க்கவில்லை. சர்வாதிகாரி பிராங்கோ ஆட்சியின் தணிக்கை அந்த விளம்பர வாசகத்தைப் படத்தின் பெயராக வைக்க அனுமதிக்கவில்லை.

இத்தாலியின் மாரியோ மோனிசெல்லி எடுத்த ‘பரெந்தி செர்பெந்தி’ (1992) சொந்த ரத்தத்தையே விசாரிக்கிறது. சுல்மோனாவில் வயதான பெற்றோர் வீட்டுக்குப் பிள்ளைகள் குடும்பத்தோடு வருகிறார்கள். சமைக்கிறார்கள், பாடுகிறார்கள், பழைய கதை பேசுகிறார்கள். சாப்பாட்டு நேரத்தில் அம்மா சொல்கிறாள்: இனி நாங்கள் தனியாக இருக்க முடியாது, உங்களில் ஒருவரோடு வந்துவிடுகிறோம், யாரென்று நீங்களே முடிவு செய்யுங்கள். அதிலிருந்து முகமூடிகள் கழல்கின்றன. ஒருவர் தலையில் ஒருவர் கட்டப் பார்க்கிறார்கள். கடைசியில் பிள்ளைகள் எல்லாரும் சேர்ந்து பெற்றோருக்கு வாங்கித் தரும் பரிசு அறையைச் சூடாக்கும் ஒரு கேஸ் கணப்பு. புத்தாண்டு ராத்திரி அது வெடிக்கிறது. பேரன் பள்ளிக் கட்டுரையாக எழுதிப் படிப்பதுபோல் கதை சொல்லப்படுவதால் கொடூரம் இரட்டிப்பாகிறது. ஒரு மேசை நிறைய ரத்த உறவு இருந்தும் இரண்டு கிழவர்களுக்கு இடமில்லை.

இந்த இரண்டு படங்களையும் பார்த்தவர்களுக்கு, அமெரிக்கக் கேபிள் சேனல்கள் வருடந்தோறும் டஜன் கணக்கில் தயாரிக்கும் கிறிஸ்துமஸ் காதல் படங்கள் திருப்தி தருவது கஷ்டம். நகரத்தில் வேலையே கதியென்று இருக்கும் பெண் சொந்த ஊருக்கு வருவாள், பழைய நண்பனைச் சந்திப்பாள், ஜோடி சேர்வாள். அவற்றைப் பார்த்து ஆறுதல் அடைபவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் தனியாக இருப்பது திருத்த வேண்டிய ஒரு பிழை என்ற எண்ணம் அங்கே அடியில் ஓடிக்கொண்டே இருக்கிறது. அமெரிக்காவில் 1940இல் நூறு வீடுகளுக்கு எட்டு வீடுகளில்தான் ஒற்றை ஆள் குடியிருந்தார். 2020 கணக்கெடுப்பில் அது ஏறத்தாழ 28 ஆகிவிட்டது. நான்கில் ஒரு வீட்டுக்கு மேல்! அத்தனை பேரும் ஒரு ஜோடிக்காகக் காத்திருப்பவர்கள் இல்லை. வயதானவர்கள், துணையை இழந்தவர்கள், தனியாக வாழ விரும்பியே வாழ்கிறவர்கள், வேலைக்காக வந்தவர்கள். அவர்களுக்கு ஒரு கல்யாணத்தைவிட ஒரு சாயங்காலம் அதிகம் பயன்படும்.

அலெக்சாண்டர் பெய்ன் இயக்கிய ‘தி ஹோல்டோவர்ஸ்’ (2023) அப்படிப்பட்ட சில சாயங்காலங்களின் கதை. 1970 டிசம்பர். அமெரிக்காவின் நியூ இங்கிலாந்து பகுதியில் ஒரு விடுதிப் பள்ளி. விடுமுறையில் வீட்டுக்குப் போக முடியாத பையன் ஆங்கஸ், யாருக்கும் பிடிக்காத ஆசிரியர் ஹன்னம், சமையலறைத் தலைவி மேரி. மேரியின் ஒரே மகன் அதே பள்ளியில் படித்தவன், கல்லூரிக்குப் பணமில்லாமல் ராணுவத்துக்குப் போய் வியட்நாமில் இறந்தவன். டிக்கன்ஸின் காலிப் பள்ளிக்கூடம் திரும்பி வந்துவிட்டது, இந்தத் தடவை நெருப்புக்குப் பக்கத்தில் மூன்று பேர். இந்தக் கதைக்கு விதை போட்டது பிரெஞ்சு இயக்குநர் மார்செல் பன்யோலின் ‘மெர்லூஸ்’ (1935). விடுதியில் தங்கிவிட்ட பிள்ளைகளைக் கவனிக்க நியமிக்கப்படும், ஒரு கண் போன, மீன் நாற்றம் அடிப்பதாகக் கேலி செய்யப்படும் ஆசிரியரின் கதை அது. ஹன்னமுக்கும் கண்ணும் மணமும் அப்படியே வந்திருக்கின்றன.

பொய்யும் இங்கே வருகிறது, ஆனால் புதுவிதமாக. அப்பா இறந்துவிட்டார் என்று ஆங்கஸ் சொல்லிவந்தது பொய்; அவர் மனநல விடுதியில் இருக்கிறார். பாஸ்டனில் ஹன்னம் தன் பழைய கல்லூரித் தோழரைச் சந்திக்கும்போது, தான் ஏதோ பெரிய ஆராய்ச்சியில் இருப்பதாகக் கதை விடுகிறார். பக்கத்தில் நிற்கும் பையன் அது பொய் என்று தெரிந்துகொண்டு, காட்டிக்கொடுக்காமல், தானும் இரண்டு வரி சேர்த்துச் சொல்கிறான். இந்த வகைப் படங்களில் நான் பார்த்த மிக அன்பான காட்சிகளில் அது ஒன்று. அதுவரை ஒருவர் தனியாகப் பிடித்துக்கொண்டிருந்த கயிற்றை இன்னொருவரும் வந்து பிடிக்கிறார்.

ஒன்றைக் கவனித்திருக்கிறேன். இந்த விழாவைப் பற்றி மனதைத் தொடும்படி படமும் பாட்டும் செய்தவர்களில் சிலருக்கு அது பிறந்த வீட்டு விழா இல்லை. வைல்டர் ஹிட்லருக்குத் தப்பி பெர்லினை விட்டு வந்த யூதர். அவருடைய அம்மா நாஜிகளின் கொலைப்படலத்தில் இறந்தார். இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிட்ச் பெர்லின் யூதத் தையல்காரரின் மகன். 1942இல் வந்த ‘வைட் கிறிஸ்துமஸ்’ பாட்டை எழுதிய இர்விங் பெர்லினும் ரஷ்யப் பேரரசிலிருந்து சிறுவயதில் வந்த யூதர். அவருடைய கைக்குழந்தை 1928இல் இறந்தது டிசம்பர் 25 அன்று. ஜன்னலுக்கு வெளியே நின்று பார்த்தவர்களுக்கு உள்ளே எரியும் விளக்கு இன்னும் துலக்கமாகத் தெரிந்திருக்க வேண்டும்.

லூபிட்சின் ‘தி ஷாப் அரவுண்ட் தி கார்னர்’ (1940) புடாபெஸ்டில் ஒரு தோல்பொருள் கடையில் நடக்கிறது. ஒருவரையொருவர் சகிக்க முடியாத இரண்டு ஊழியர்கள், யாரென்று தெரியாமலே ஒருவருக்கொருவர் காதல் கடிதம் எழுதிக்கொள்ளும் கதையாகத்தான் எல்லாரும் அதை ஞாபகம் வைத்திருக்கிறார்கள். நான் கடை முதலாளி மத்தூச்செக்குக்காகப் பார்ப்பேன். மனைவி தன் ஊழியன் ஒருவனோடு பழகுவது தெரிந்து அவர் தற்கொலைக்கு முயல்கிறார், எடுபிடிப் பையன் பெப்பி தடுத்துவிடுகிறான். ஆஸ்பத்திரியிலிருந்து கிறிஸ்துமஸ் முன்னிரவில் கடைக்குத் திரும்புகிறார். வியாபாரம் அமோகம். எல்லாருக்கும் போனஸ் கொடுக்கிறார். கடையைச் சாத்திவிட்டு வாசலில், பனியில் நிற்கிறார்.

ஊழியர்கள் ஒவ்வொருவராக வெளியே வருகிறார்கள். ஏதோ போகிற போக்கில் விசாரிப்பதுபோல் ஒவ்வொருவரையும் கேட்கிறார். ஒருத்தருக்கு வீட்டில் காத்திருக்கிறார்கள், இன்னொருத்தருக்கு ஏற்கெனவே ஏற்பாடு ஆகிவிட்டது. பெப்பிக்குக்கூட எங்கோ போக இருக்கிறது. நல்லது, நல்லது என்று வழியனுப்புகிறார். தான் தனியாக இருப்பதாக ஒருவரிடமும் சொல்லவில்லை.

கடைசியாக ரூடி வருகிறான், இன்னும் யாரோடும் பெரிதாகப் பழகாத புதுப் பையன். அவன் குடும்பம் இந்த ஊரில் இல்லை. மத்தூச்செக்கின் குரல் மாறுகிறது. கோழி சூப் பிடிக்குமா என்று கேட்கிறார். பையன் தலையாட்டுகிறான். வாத்து வறுவல்? அதன் உள்ளே சுட்ட ஆப்பிள்? வெண்ணெய் போட்ட உருளைக்கிழங்கு? வெள்ளரிக்காய் சாலட்? ஒவ்வொன்றுக்கும் பையனின் கண் விரிந்துகொண்டே போகிறது. கேட்கிறவருக்கும் பசி எடுத்துவிட்டது என்பது முகத்திலேயே தெரிகிறது. அப்புறம் ஆப்பிள் இனிப்பு, இரட்டைப் பங்காக. இருவரும் சேர்ந்து கிளம்புகிறார்கள்.